"அப்பா வெளிநாடு போட்டார்" என்று சொல்லலாமா?

கேள்வி: விசுவமடுவில் இருக்கிறோம். இரண்டு மாதத்துக்கு முன் ஏ9 வீதியில் நடந்த விபத்தில் அண்ணா அந்த இடத்திலேயே இறந்துவிட்டார். செத்த வீட்டன்று அவரின் ஆறு வயது மகனைப் பெரியம்மா வீட்டில் விட்டிருந்தோம். "அப்பா வெளிநாடு போட்டார்" என்றுதான் அவனுக்குச் சொல்லியிருக்கிறோம். அண்ணி யாரோடும் கதைப்பதில்லை. "நானும் அவரோடயே போயிருக்கலாம்" என்று இரண்டொரு தரம் சொன்னா. என்ன செய்வது?

பதில்: முதலில் அண்ணி. "துக்கத்தில சொல்லுறா" என்று விட்டுவிடாதீர்கள். தனியே இருக்கும்போது நேரடியாகவே கேளுங்கள்: "சாகவேணும் போல இருக்கா அண்ணி?" கேட்பதால் இல்லாத எண்ணம் வந்துவிடாது. "ஓம்" என்றால் தனியே விடாமல் அன்றைக்கே ஆஸ்பத்திரி உளநலப் பிரிவுக்குக் கூட்டிப்போங்கள். 1926 தேசிய உளநல உதவி இலக்கம், இரவிலும் எடுக்கலாம். வயல் செய்யும் வீடென்றால் களைநாசினி, பூச்சிமருந்துப் போத்தல்களை இன்றைக்கே வேறு வளவுக்கு மாற்றுங்கள். ஆறுதல் வார்த்தையெல்லாம் அதற்குப் பிறகுதான்.

இனி மகன். போரில் காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைத் தேடி 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் தாய்மார் வீதியோரம் அமர்ந்தார்கள். வருவாரோ மாட்டாரோ என்று காத்திருப்பது என்னவென்று வன்னியில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. காடாத்தி, அந்தியேட்டிச் சடங்கும் முடித்த ஒரு சாவை இந்தப் பிள்ளைக்கு மட்டும் ஏன் காத்திருப்பாக்க வேண்டும்? வெளிநாட்டு அப்பா என்றால் வாட்ஸ்அப்பில் கதைப்பார்தானே. ஏன் எடுக்கவில்லை? "நான் குழப்படி செய்ததாலோ" என்றுதான் அவன் மனம் போகும்.

அண்ணியின் இப்போதைய நிலையில் நீங்களே சொல்லலாம். அவவுக்கு முடிந்தால் பக்கத்தில் இருக்கட்டும். "அப்பா விபத்தில செத்துப்போனார். செத்தா மூச்சு வராது, பசிக்காது, நோகாது. திரும்பி வரமாட்டார். உன்னால நடக்கேல்லை." இவ்வளவும் போதும். "நித்திரையாயிட்டார்" வேண்டாம், அதைக் கேட்டுப் படுக்கவே பயப்படும் பிள்ளைகள் உண்டு. முன்பு சொன்ன பொய்யையும் மறைக்காதீர்கள்: "எப்பிடிச் சொல்லுறதெண்டு தெரியாமல் அப்பிடிச் சொன்னனாங்கள்."

அழுதுவிட்டுச் சற்று நேரத்தில் பந்தடிக்க ஓடுவான். அந்த வயதுத் துக்கம் அப்படித்தான், விட்டுவிட்டு வரும். அதே கேள்வியை நாளைக்கும் கேட்பான். அதே பதிலைச் சொல்லுங்கள். வருச முடிவில் வரும் ஆட்டைத் திவசத்தில் அவனும் பூ வைக்கட்டும், ஒளித்துவைக்காதீர்கள். பள்ளிக்கூடத்தில் யாராவது பொடியன் வாய்தவறிச் சொல்வதற்குள் இதைச் செய்துவிட்டு, வகுப்பு ரீச்சருக்கும் விஷயத்தைச் சொல்லிவையுங்கள்.