ராபன் தீவுச் சிறையை முன்னாள் கைதிகளே சுற்றிக் காட்டுகிறார்களாமே, அவர்கள் பட்ட வேதனையைக் காசு கொடுத்துப் பார்ப்பது சரியா?

கேப் டவுனுக்குக் குடும்பத்தோடு டிக்கெட் போட்டுவிட்டு, நிறவெறி ஆட்சி மண்டேலாவையும் மற்ற அரசியல் கைதிகளையும் அடைத்து வைத்த இந்தத் தீவை மட்டும் சேர்ப்பதா விடுவதா என்று தவிக்கிறீர்கள் போலத் தெரிகிறது. போய்வாருங்கள். பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு போங்கள். பதில் அவ்வளவுதான். ஆனால் "வேதனையைக் காசு கொடுத்துப் பார்ப்பது" என்று நீங்கள் எழுதியிருப்பது என்னை விடமாட்டேன் என்கிறது. அதனால் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன்.

நாங்கள் போனது 2018 டிசம்பரில். நான், மனைவி, அப்போது பன்னிரண்டு வயதான மகள். தென்னாப்பிரிக்காவுக்கு டூர் ஏற்பாடு செய்தவர் முழுப் பணத்தையும் முன்கூட்டியே வாங்கிக்கொண்டார். தீவுக்குப் போக வேண்டிய நாளில் பலத்த காற்று. படகு ரத்து. அது யார் தப்பும் இல்லை, டிசம்பரில் அங்கே தென்கிழக்குக் காற்று அப்படித்தான் அடிக்கும். வேறொரு நாள் மாற்றிக் கொடுங்கள் என்று கேட்டால், "அது வெறும் ஜெயில்தானே சார், பென்குயின் பார்த்துட்டு வாங்க, கொழந்தைக்கும் பிடிக்கும்" என்றார். மாற்றித் தரவும் இல்லை, டிக்கெட் பணத்தைத் திருப்பித் தரவும் இல்லை. ஊர் வந்து ஆறு மாதம் அலைந்தேன். போன் எடுத்தால் "அக்கவுண்ட்ஸ்ல கேட்டுச் சொல்றேன்" என்பார்கள், அக்கவுண்ட்ஸ் என்று ஒருவர் அங்கே இருந்ததாகவே எனக்குத் தோன்றவில்லை. முழுப் பணத்தையும் முன்னாலேயே கொடுக்காதீர்கள். இது உங்கள் கேள்விக்குச் சம்பந்தமில்லாததுதான். ஆனால் அந்த "வெறும் ஜெயில்தானே" இன்னும் காதில் இருக்கிறது.

இரண்டு நாள் கழித்துக் காற்று அடங்கியது. எங்கள் கையிலிருந்து பணம் போட்டு டிக்கெட் வாங்கினோம். வாட்டர்ஃபிரண்ட் துறைமுகத்தில் மண்டேலா பெயரிலேயே இருக்கிற வாயிலிலிருந்து படகு கிளம்புகிறது. போய்த் திரும்ப மொத்தம் மூன்றரை மணி நேரம். தீவில் முதலில் பஸ்ஸில் ஒரு சுற்று, அதில் பேசுகிறவர் வேறு ஒருவர். சுண்ணாம்புக்கல் குவாரியைக் காட்டுவார்கள். வெள்ளைக் கல்லில் பட்டுத் திரும்பும் வெயிலில் வருஷக்கணக்கில் வேலை செய்து பலருக்குக் கண் கெட்டுப்போனது, மண்டேலா உட்பட. நிறவெறி ஆட்சியை எதிர்த்த இன்னொரு தலைவரான ராபர்ட் சொபுக்வேயைத் தனியாக அடைத்து வைத்திருந்த வீட்டையும் காட்டுவார்கள். அவருக்குக் கொடுத்த தண்டனைக் காலம் முடிந்த பிறகும், அவருக்காகவே ஒரு சட்டப் பிரிவைக் கொண்டுவந்து, 1963 முதல் 1969 வரை ஆறு வருஷம் மற்ற கைதிகளோடு பேச விடாமல் வைத்திருந்தார்கள். பஸ்ஸில் எல்லோரும் ஜன்னல் வழியாகப் போட்டோ எடுத்தார்கள். நானும் எடுத்தேன்.

அதன் பிறகு சிறை வாசல். அங்கேதான் முன்னாள் கைதி வந்து நம்மை அழைத்துக்கொள்கிறார்.

எங்களுக்கு வந்தவர் அறுபதைத் தொட்டவர், ஒல்லியான ஆள். 1980-களில் அங்கே உள்ளே இருந்தவர். பெயரை எழுதவில்லை, அவரிடம் கேட்காமல் எழுதுவது முறையில்லை. முதலில் ஒரு பெரிய பொதுக் கொட்டடியில் எல்லோரையும் பெஞ்சில் உட்கார வைத்தார். பெட்ரூம் அளவுகூட இல்லாத தனி அறைகளைப் பிறகு பார்த்தோம், மண்டேலா தன் 27 வருஷச் சிறைவாசத்தில் 18 வருஷம் இருந்த தீவு அது. ஆனால் எனக்கு அந்த அறையைவிட, கொட்டடியில் அவர் காட்டிய ஒரு பலகைதான் மனதில் நிற்கிறது.

சாப்பாட்டுப் பட்டியல். கைதிகளுக்கு என்ன, எத்தனை அவுன்ஸ் என்று அச்சடித்தது. இரண்டு பத்திகள். 'பி' என்பது கலப்பினத்தாருக்கும் ஆசியர்களுக்கும். 'சி' என்பது அவர்கள் 'பண்டு' என்று எழுதிவைத்த கறுப்பினத்தாருக்கு. இறைச்சி 'பி'க்கு ஆறு அவுன்ஸ், 'சி'க்கு ஐந்து. சர்க்கரை 'பி'க்கு இரண்டு, 'சி'க்கு ஒன்றரை. ஜாம் 'பி'க்கு ஒரு அவுன்ஸ், 'சி'க்குக் கிடையாது. ரொட்டியும் கிடையாது. ஒரே சிறை, ஒரே வழக்கில் ஒரே தண்டனை வாங்கியவர்கள். அரை அவுன்ஸ் சர்க்கரையில் சாதி பார்த்திருக்கிறார்கள்.

என் மகள் கையைத் தூக்கினாள். "நாங்க இதுல எந்தப் பக்கம் வருவோம்?"

அவர் உடனே சொல்லிவிட்டார். "நீ பி. நான் சி." கோபம் ஒன்றும் இல்லை குரலில், பஸ் நம்பர் சொல்வதுபோல் சொன்னார். பிறகு, இந்தியக் கைதிகள் தங்கள் ரொட்டியை மற்றவர்களோடு பங்குபோட்டுக்கொண்ட கதையைச் சொன்னார். உடுப்பிலும் இதே பாகுபாடு இருந்தது. 1964-ல் மண்டேலாவோடு வந்த, இந்திய வம்சாவளியினரான அகமது கத்ராடாவுக்கு முழுக்கால்சட்டை, மண்டேலாவுக்கு அரைக்கால்சட்டை. பெரிய ஆண்களைச் சிறுவர்களாகக் காட்டத்தான் அந்த அரைக்கால்சட்டை.

நம்மவர் ஒருவரும் அந்தப் பட்டியலில் சாப்பிட்டிருக்கிறார். காந்தியோடு தென்னாப்பிரிக்காவில் சத்தியாகிரகத்தில் நின்ற தம்பி நாயுடுவின் பேரன் இந்திரஸ் நாயுடு 1963-ல் பிடிபட்டுப் பத்து வருஷம் இதே தீவில் இருந்தார். தம்பி நாயுடு பெயராவது நம் ஊரில் நாலு பேருக்குத் தெரியும். பேரனைப் பற்றி எனக்கு அந்தத் தீவுக்குப் போகும் வரை தெரியாது.

பிறகு தனி அறைகள் இருக்கும் வராந்தா. கூட்டத்தில் ஓர் இளைஞர் ஒரு காலி அறைக்குள் நின்றுகொண்டு, கதவைச் சாத்துங்கள், கம்பிக்குப் பின்னால் நிற்பதுபோல் ஒரு போட்டோ வேண்டும் என்று வழிகாட்டியிடம் கேட்டார். அவர் கதவில் கை வைத்தபடியே நின்றார். "நான் இங்கே கதவைச் சாத்துவதில்லை" என்றார். அவ்வளவுதான். அந்தப் பையன் வெளியே வந்துவிட்டான்.

எனக்கு அந்த இடத்தில் என் தாய்மாமா ஞாபகம் வந்துவிட்டது. அவர் 1976-ல், நெருக்கடி நிலையின்போது, விசாரணை இல்லாமலே அடைத்து வைக்கும் மிசா சட்டத்தில் உள்ளே போனவர். எந்தக் கட்சி, எந்தச் சிறை என்று சொல்லமாட்டேன், சொன்னால் கீழே அதை வைத்துத்தான் சண்டை நடக்கும். நான் எந்தக் கட்சியிலும் இல்லை. நிறவெறி ஆட்சியையும் நம் நெருக்கடி நிலையையும் ஒரே தராசில் வைக்கிறேன் என்றும் யாரும் கிளம்பாதீர்கள், வைக்கவில்லை. மாமா வெளியே வந்து நாற்பது வருஷம் எங்களோடு இருந்தார். குளியலறையில்கூடத் தாழ்ப்பாள் போடமாட்டார். கதவை ஒருக்களித்து வைத்து, "உள்ள இருக்கேன்" என்று குரல் கொடுப்பார். அத்தை அதற்காகவே திட்டுவார். வீட்டில் அது ஒரு கேலி. நானும் சிரித்திருக்கிறேன். ஒரு நாள்கூட யாரும் ஏன் என்று கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

எல்லோரும் மண்டேலாவின் அறை முன்னால் வரிசையில் நின்றபோது நான் அந்த வழிகாட்டியிடம் போய்க் கேட்டேன், திரும்பவும் இங்கேயே வேலைக்கு வர எப்படி மனம் வந்தது என்று. வெளியே வந்தபோது தனக்கு வேலை இல்லை, இங்கே வேலை இருந்தது என்றார். முதல் சில மாதம் தூக்கம் வரவில்லையாம். இப்போதும் சில நாள் பேச முடியாது, அன்றைக்கு வேறொருவரை அனுப்பச் சொல்லிவிடுவேன் என்றார்.

நீங்கள் கேட்டதற்கு என் பதில் இதில்தான் இருக்கிறது. அது அவர் வேலை. அதற்குச் சம்பளம் வாங்குகிறார். சிறை வரலாற்றைப் பாடம் நடத்தும் பேராசிரியருக்குச் சம்பளம் கொடுப்பதை யாரும் வேதனை வியாபாரம் என்று சொல்வதில்லை. அனுபவித்தவன் சொன்னால் மட்டும் இலவசமாகச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் வாயை மூடிக்கொண்டு இருக்க வேண்டுமா? எதைச் சொல்வது, எங்கே நிறுத்துவது, எந்தக் கதவைச் சாத்தமாட்டேன் என்பதெல்லாம் அவர் கையில் இருக்கிறது. அந்தத் தீவில் அவருக்கு முன்பு இல்லாதது அதுதான்.

எல்லா வழிகாட்டிகளும் இப்படி மனம் திறந்து பேசுவார்கள் என்று நான் உறுதி தரமாட்டேன். மனப்பாடம் ஒப்பிப்பதுபோல் இருந்தது என்று எழுதுகிறவர்களும் உண்டு. தினமும் அதையே சொல்கிறவருக்கு ஒரு நாள் அப்படித்தான் இருக்கும். இன்னொன்று, அரசியல் கைதிகள் கடைசியாக அங்கிருந்து வெளியேறியது 1991-ல். அருங்காட்சியகமாகத் திறந்தது 1997 ஜனவரி 1. உங்கள் பிள்ளைகளின் பிள்ளைகள் போகும்போது பலகை இருக்கும், "நான் சி" என்று சொல்ல ஆள் இருக்கமாட்டார்.

இங்கே சென்னை மத்திய சிறையை 2009-ல் இடித்தார்கள். மிசா கைதிகள் பலர் இருந்த இடம் அது. அதை வைத்து என்ன செய்திருக்கலாம் என்று பேச ஆரம்பித்தால் இன்னொரு பதில் எழுத வேண்டியிருக்கும். என் வீட்டில் நடந்ததே அதற்குக் குறைந்ததில்லை. மாமா இறந்த பிறகு அவருடைய தகரப் பெட்டியை, சிறையிலிருந்து அத்தைக்கு எழுதிய கடிதங்களோடு சேர்த்து, வீடு வெள்ளையடிக்கும்போது பழைய பேப்பர்காரருக்குப் போட்டுவிட்டார்கள். யார் போட்டது என்று எனக்குத் தெரியும், அவரோடு இன்றுவரை நான் சரியாகப் பேசுவதில்லை.

படகில் திரும்பும்போது மகள் கேட்டாள், "மாமா தாத்தாவுக்கு ஜெயில்ல என்னப்பா சாப்பாடு கொடுத்தாங்க?"

தெரியாது என்று சொன்னேன். படகில் குளிரும், பிள்ளைக்கு ஒரு ஸ்வெட்டர் எடுத்துப் போங்கள்.