அல்பேனியப் பழிக்குப்பழி நாடகம்: எங்கே சறுக்கும்?

வட அல்பேனிய மலைக்கிராமம், இரண்டு குடும்பம், பழிக்குப் பழி. இதை வைத்து எழுதும் நாடகத்தில், செத்தவனின் இறுதிச் சடங்கிலேயே அடுத்த கொலையை வைக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வைக்காதீர்கள். அந்த ஊர் தெரிந்தவர் யாரும் அதற்கப்புறம் கதையை நம்ப மாட்டார்.

அங்கே பழியைத் தீர்த்தாக வேண்டிய கடனாகத்தான் பார்ப்பார்கள். எப்படித் தீர்ப்பது என்பதற்குக் கானூன் என்ற வாய்மொழிச் சட்டம் உண்டு. ஜெச்சோவி என்ற பிரான்சிஸ்கன் பாதிரியார் திரட்டியது 1933இல் நூலாக வந்தது. அதன்படி, சுட்டவன், பிணத்தை மல்லாக்கத் திருப்பி, செத்தவனின் துப்பாக்கியைத் தலைமாட்டில் வைக்க வேண்டும். அதைத் தூக்கிக்கொண்டு போவது பெரிய அவமானம். பிறகு ஆள் அனுப்பி 24 மணி நேர ‘பெசா’ கேட்பான். பெசா என்றால் கொடுத்த வாக்கு; அது இருக்கும்வரை அவன்மேல் கை வைக்க முடியாது. அது கிடைத்ததும் கொன்றவனே சாவு வீட்டுக்குப் போய், அடக்கத்தில் நின்று, பந்தியிலும் உட்காருவான். உங்கள் முதல் அங்கமே இதுதான்: செத்தவனின் தம்பிக்கு எதிரே உட்கார்ந்து ரொட்டியைப் பிய்க்கும் கை. வசனம் வேண்டாம்.

அடுத்து ஊர் கேட்டு வாங்கித் தருவது 30 நாள் பெசா. அது முடிந்தால் கொன்றவன் வீட்டு ஆண்கள் வாசல் தாண்ட முடியாது. வீட்டுக்குள் வந்து சுடக் கூடாது என்பதால்தான் இந்த அடைப்பு. பெண்கள்மேல் பழி கிடையாது. வயல், சந்தை, கோர்ட் எல்லாம் அவர்கள் தலையில் விழும்.

பழைய வழக்கில் விசையை இழுத்தவனோடு பழி முடியும். பிறகு வீட்டு ஆண்கள் எல்லோருக்கும் பரவியது. 1991க்குப் பின் மறுபடி தலைதூக்கியபோது பையன்களின் படிப்பும் நின்றது. போலீஸ் பிடித்துவிட்டால் தீர்ந்துவிடும் என்று எழுதினால் அதுவும் சறுக்கல்தான். ஜெயில் அரசாங்கக் கணக்கு, இரத்தக் கணக்கு அப்படியே நிற்கும்.

சமாதான முடிவு வேண்டுமா? கதையைக் கொசோவோவுக்கு நகர்த்துங்கள், அங்கும் இதே கானூன்தான். 1990 மே 1 அன்று வெர்ரத் எ லுகஸ் என்ற இடத்தில் லட்சக்கணக்கானோர் கூடி நிற்க, குடும்பம் குடும்பமாக வந்து இரத்தத்தை மன்னித்தார்கள். முன்னின்றவர் நாட்டார் வழக்காற்றியல் பேராசிரியர் அன்டோன் செட்டா. அதற்கு முன்பே மாணவர்கள் வீடு வீடாக ஏறி இறங்கியிருந்தார்கள். அந்த அலைச்சலைக் காட்டாமல் கூட்டத்தை மட்டும் காட்டினால் ஒட்டாது.