அண்ணன் வாடகை வாங்கும் வீடு: வழக்கை எந்த நீதிமன்றத்தில் போடுவது?

கேள்வி: தண்டையார்பேட்டையில் அப்பா 1984-இல் வாங்கிய வீடு, அரை கிரவுண்டு. அப்பாவும் அம்மாவும் உயில் எழுதாமலே காலமாகிவிட்டார்கள். பிள்ளைகள் நால்வர். மாடியில் பெரியண்ணன் குடியிருக்கிறார். கீழே உள்ள இரண்டு கடைகளின் வாடகையையும் அவரே வாங்கிக்கொள்கிறார். நான் திருமணமாகிக் கொடுங்கையூரில் இருக்கிறேன். வீடு ஒன்றரைக் கோடி பெறும், அதனால் உயர் நீதிமன்றத்தில்தான் போட வேண்டும், நாலரை லட்சம் கட்டணம் என்கிறார் தெரிந்தவர் ஒருவர். மதிப்பைக் குறைத்துப் போட்டுத் தருவதாகவும் சொல்கிறார். என்ன செய்வது?

பதில்: நாலரை லட்சம் வேண்டாம், அம்மா. அந்தத் தெரிந்தவரும் வேண்டாம்.

நீங்கள் கேட்பது முழு வீட்டையல்ல, நாலில் ஒரு பாகத்தை. பாகப்பிரிவினை வழக்கில் மதிப்புப் போடுவதும் அந்தப் பாகத்துக்குத்தான். ஒன்றரைக் கோடியில் உங்கள் பங்கு முப்பத்தேழரை லட்சம். சென்னை மாநகர உரிமையியல் நீதிமன்றத்தின் வரம்பு 25 லட்சமாக இருந்தது. 2018-இல் அதை ஒரு கோடியாக உயர்த்தினார்கள். அதற்குள் அடங்கும் வழக்கு அங்கேதான் போக வேண்டும். பஸ் பிடித்து இறங்கும் இடம் அதே பாரிமுனை, அதே வளாகம். நுழையும் கட்டடம் வேறு.

கட்டணத்துக்கு வருவோம். 2017-இல் நீதிமன்றக் கட்டணத்தை ஏழரை சதவீதத்திலிருந்து மூன்று சதவீதமாகக் குறைத்தார்கள். உங்கள் பாகத்துக்கு அது 1,12,500 ரூபாய். அதைக்கூட நீங்கள் கட்ட வேண்டியிருக்காது என்றே நினைக்கிறேன். 1955-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தில் 37-ஆவது பிரிவு இரண்டு வழி வைத்திருக்கிறது. சொத்தின் அனுபவத்திலிருந்து, அதாவது அதைக் கையில் வைத்திருப்பதிலிருந்து, உங்களை விலக்கிவிட்டார்கள் என்றால் பாகத்தின் சந்தை மதிப்புக்குக் கட்டணம். கூட்டு அனுபவத்தில் இருக்கிறீர்கள் என்றால் நிலையான ஒரு சிறு தொகை. ‘நான் கொடுங்கையூரில் இருக்கிறேனே, எனக்கு ஏது அனுபவம்?’ என்பீர்கள். தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 1980-இலேயே உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொல்லிவிட்டது: பங்காளி ஒருவரின் அனுபவம் எல்லாப் பங்காளிகளின் அனுபவமாகவே கருதப்படும், வருமானத்தில் பங்கு வரவில்லை என்பதாலேயே நீங்கள் விலக்கப்பட்டவர் ஆகிவிட மாட்டீர்கள்.

ஆத்திரத்தில் இருப்பவர்கள் கோட்டைவிடுவது இங்கேதான். ‘என்னை அடித்துத் துரத்திவிட்டார், உனக்குப் பங்கே இல்லை என்றார்’ என்று வழக்குரையில் சுவைபட எழுதச் சொல்வார்கள். அந்த ஒரு வரி உங்களை மூன்று சதவீத வரிசையில் நிறுத்திவிடும். உண்மையில் நடந்திருந்தால் மறைக்காதீர்கள். நடக்காததை உப்புக்காரம் போட்டு எழுதாதீர்கள்.

மதிப்பைக் குறைத்துப் போடும் வித்தை பற்றி: பத்திரப் பதிவு அலுவலக வாசல்களில் இதற்கென்றே ஆட்கள் நிற்கிறார்கள். வழிகாட்டி மதிப்பை ஒரு தாளில் குறித்துக்கொடுத்து இரண்டாயிரம் வாங்குவார்கள்; அது பதிவுத் துறையின் இணையதளத்தில் காசில்லாமல் கிடைக்கிறது. அது முத்திரைத் தீர்வைக்காகப் போட்ட கணக்கு. நீதிமன்றத்துக்கு வேண்டியது வழக்குத் தாக்கல் செய்யும் நாளின் சந்தை மதிப்பு. குறைத்துப் போட்டால் உங்கள் அண்ணனின் வக்கீல் முதல் வேலையாக அதைத்தான் பிடிப்பார். சாட்சி விசாரணைக்கு முன் அந்த ஆட்சேபத்தை முடித்துவிட வேண்டும் என்கிறது சட்டம். முடிக்கிறார்களா? வாய்தா, பதில் மனு, மறுபடி வாய்தா. அந்த ஒரு கேள்விக்கே ஆண்டுக்கணக்கில் நடந்த கட்சிக்காரர்கள் என்னிடம் இருக்கிறார்கள். அத்தனை நாளும் கடை வாடகை அண்ணனுக்கு.

நீங்கள் எழுதாத ஒன்றுதான் எனக்கு உறுத்துகிறது. அப்பா இறந்த பிறகு எதிலாவது கையெழுத்துப் போட்டீர்களா? வடசென்னையில் நான் பார்க்கும் பாகப்பிரிவினை வழக்குகளில் தங்கைகள் பலர், ‘பட்டா மாற்ற என்று அண்ணன் கூட்டிப்போனார்’ என்பார்கள். எடுத்துப் பார்த்தால் அது பதிவு செய்த விடுதலைப் பத்திரம், அதாவது தன் பங்கை விட்டுக்கொடுத்ததாக எழுதிய பத்திரம். அப்படி இருந்தால் மேலே சொன்ன கணக்கெல்லாம் கலைந்துவிடும். நீங்களே எழுதிக்கொடுத்த பத்திரம் நிற்கும்வரை கூட்டு அனுபவம் என்று பேச முடியாது. முதலில் அதை ரத்து செய்யக் கேட்க வேண்டும். அதற்கு மதிப்பின்படி கட்டணம். மோசடி தெரிந்த நாளிலிருந்து மூன்றே ஆண்டு கெடு. அப்பாவே உயிரோடு இருக்கும்போது வீட்டை அண்ணனுக்குக் கொடுத்துச் செட்டில்மென்ட் பத்திரம் எழுதிவைத்திருந்தால் கதை வேறு. அதில் உங்கள் கையெழுத்து இல்லை. அது உங்களைக் கட்டுப்படுத்தாது என்று அறிவிக்கக் கேட்கலாம், ரத்து கேட்க வேண்டியதில்லை. ஆனால் அப்பா எழுதியது செல்லாது என்று நிரூபிக்கும் சுமை பெரிது.

எனவே வழக்குக்கு முன் 1984-லிருந்து இன்றுவரை வில்லங்கச் சான்று எடுங்கள்; வீட்டின் மேல் பதிவான பத்திரங்களின் பட்டியல் அது. அதில் எழுதிக்கொடுத்தவர் பகுதியில் உங்கள் பெயர் வந்திருந்தால், அந்தப் பத்திரத்தின் சான்றிட்ட நகலை வாங்கிய பிறகு வக்கீலைப் பாருங்கள்.