பணம் என்னுடையது, பத்திரம் அண்ணன் பெயரில்: சட்டக் கேள்வி பதில்

கேள்வி: சவூதியில் வேலை பார்க்கிறேன். 2018-ல் ஊரில் 5 சென்ட் மனையை அண்ணன் பெயரில் கிரயம் செய்தோம். 14 லட்சமும் நான் அனுப்பியது. "நீ வந்ததும் எழுதித் தருகிறேன்" என்றவர், போன வருஷம் கேட்டபோது "மனை என்னுடையது" என்று சொல்லிவிட்டார். வழக்குப் போட முடியுமா?
- ரியாத்திலிருந்து ஒரு வாசகர்

பதில்: போடலாம். ஆனால் பிராதில், அதாவது வழக்கு மனுவில், ஒரு வரி தவறினாலும் வழக்கு அங்கேயே படுத்துவிடும். "என் பணத்தில் அண்ணன் பெயரில் பினாமியாக வாங்கினேன்" என்று எழுதிவிட்டால், பினாமி தடைச் சட்டத்தின் 4-வது பிரிவு குறுக்கே நிற்கும். பணம் போட்டவர் பினாமி சொத்தைக் கேட்டு வழக்கும் போட முடியாது, அதையே எதிர்வாதமாகவும் வைக்க முடியாது. எதிர்த்தரப்பு வக்கீல் உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 7, விதி 11-ன் கீழ் மனுப் போட்டு, சாட்சிக் கூண்டு வரை போகவிடாமலே பிராதை நிராகரிக்கச் சொல்வார். வக்கீல் நோட்டீஸிலும் "பினாமி" என்ற வார்த்தை வரக் கூடாது. பிறகு பிராதில் மாற்றி எழுதினாலும் நோட்டீஸை எடுத்துக் காட்டுவார்கள்.

மனைவி, பிள்ளைகள் பெயரில் கணக்குக் காட்டக்கூடிய வருமானத்தில் வாங்கினால் பினாமி ஆகாது. உடன்பிறந்தவர் என்றால், ஏதாவது ஓர் ஆவணத்தில் உங்கள் பெயரும் கூட்டு உரிமையாளராக இருந்தால்தான் விலக்கு. எனவே முதலில் பத்திரத்தின் சான்றிட்ட நகலை எடுத்து, வாங்குபவர் பகுதியைப் படியுங்கள். பாதிப் பேர் பத்திரத்தைக் கண்ணால் பார்த்ததே இல்லை.

உங்கள் பெயர் எங்குமே இல்லையென்றால் மிச்சமிருக்கும் வழி, அண்ணன் உங்களுக்காகச் செயல்படும் நம்பிக்கைக்குரிய பொறுப்பில் இருந்து வாங்கினார் என்பது. பெங்களூரு வீடு ஒன்றில் உடன்பிறந்தவர்களுக்கு இடையே நடந்த வழக்கில் 2012-ல் உச்ச நீதிமன்றம் இதை ஏற்றது. ரத்த உறவு மட்டும் போதாது. சூழ்நிலை அதைக் காட்ட வேண்டும். உங்கள் சார்பில் பவர் பத்திரம் வைத்திருந்தாரா, "உனக்காக மனை பார்த்திருக்கிறேன்" என்ற வாட்ஸ்அப் செய்தி இருக்கிறதா, நீங்கள் பணம் அனுப்பிய தேதிக்கும் விற்றவர் கணக்கில் பணம் ஏறிய தேதிக்கும் எத்தனை நாள் இடைவெளி என்று பார்ப்பார்கள். மூலப் பத்திரம் யாரிடம், வேலி போட்டது யார், வரி ரசீது யார் கையில் என்பதும் வரும். பணம் அனுப்பியதை மட்டும் காட்டினால் "குடும்பச் செலவுக்கு அனுப்பினான்" என்று தள்ளிவிடுவார்கள். அண்ணன் பெயரில் பட்டா மாறியிருக்கிறதே என்று கலங்க வேண்டாம். பட்டா வருவாய்த் துறைக் கணக்குதான், அதனால் மட்டும் உரிமை வந்துவிடாது.

மனை உங்களுடையது என்று நீதிமன்றம் அறிவிக்கும்படி (உரிமை விளம்புகை) கேட்க, அண்ணன் மறுத்த நாளிலிருந்து 3 வருஷம்தான். அதற்குள் அவர் விற்றுவிட்டால் சிக்கல் இரட்டிப்பாகும். வழக்கோடு சேர்த்தே இடைக்காலத் தடை கேளுங்கள்.

கோபத்தில் வருமான வரித்துறைக்கு மட்டும் மனுப் போடாதீர்கள். பினாமி என்று முடிவானால் மனை மத்திய அரசுக்குப் போகும், இழப்பீடு கிடையாது. 2016 நவம்பர் 1-க்குப் பிறகு நடந்த கிரயம் என்பதால் இருவருக்குமே 1 முதல் 7 வருஷம் வரை கடுங்காவல், சந்தை மதிப்பில் 25 சதவீதம் வரை அபராதம். அண்ணன் மனம் மாறித் திருப்பி எழுதித் தந்தாலும், பினாமிதாரர், அதாவது பெயர் கொடுத்தவர், உண்மையான உரிமையாளருக்கு எழுதும் பத்திரம் செல்லாது என்கிறது 6-வது பிரிவு.

இது விவசாய நிலமாக இருந்தால் இன்னும் மோசம். வெளிநாட்டில் வசிக்கும்போது அதை வாங்க அந்நியச் செலாவணிச் சட்டம் அனுமதிக்காது. "அதனால்தான் அண்ணன் பெயரில் போட்டேன்" என்று சொன்னால் நீங்களே வழக்கை எதிர்த்தரப்புக்குக் கொடுத்ததாகும். வீட்டு மனையை உங்கள் பெயரிலேயே வாங்கியிருக்கலாம். அங்குள்ள இந்தியத் தூதரகத்தில் பவர் பத்திரத்துக்குச் சான்று வாங்கி அனுப்பினால், இங்கே வந்து சேர்ந்த 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டினால் போதும்.

கேள்வி: வீட்டுக் கடன் தவணை என் சம்பளத்திலிருந்து போகிறது. பத்திரம் மனைவி பெயரில். பிரிந்தபின் வீட்டை நான் கேட்கலாமா?
- மதுரை வாசகர்

பதில்: பினாமித் தடை உங்களைத் தடுக்காது. ஆனால் தவணை கட்டியதாலேயே வீடு உங்களுடையது ஆகிவிடாது. பணம் கொடுத்தது மட்டும் போதாது, வாங்கும்போது இருந்த எண்ணம் என்ன என்று பார்க்க வேண்டும் என 2019-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மனைவிக்கென்றே வாங்கவில்லை என்று நிரூபிக்கும் சுமை உங்கள் தலையில். அது லேசில்லை.

கேள்வி: முதலாளி, "உன் பெயரில் நிலம் வாங்கப் போகிறேன், ஒரு கையெழுத்துப் போடு" என்கிறார். போடலாமா?
- திருப்பூர் வாசகர்

பதில்: போடாதீர்கள். தண்டனை பெயர் கொடுத்தவருக்கும் சேர்த்துத்தான். வருமான வரித்துறை நோட்டீஸ் முதலில் உங்கள் வீட்டுக்குத்தான் வரும். "இவ்வளவு பணம் ஏது" என்ற கேள்விக்கு நீங்கள்தான் பதில் சொல்ல வேண்டும். அங்கே தெரிந்தே பொய் சொன்னால் அதற்குத் தனியாக 6 மாதம் முதல் 5 வருஷம் வரை சிறை.