‘மந்தணம்’ முத்திரை குத்திய தாள் கைக்கு வந்தால்

கேள்வி: எங்கள் ஊர் மீனவர்களுக்காக எட்டுப் பக்க மாத இதழ் நடத்துகிறேன். ஓர் அரசு அலுவலகத்தில் வேலை பார்ப்பவர் போன மாதம் 14 பக்க ஜெராக்ஸ் கொடுத்தார். கடற்கரையில் வரப்போகும் ஒரு திட்டம் பற்றிய கூட்டக் குறிப்பு அது. முதல் பக்கத்திலேயே ‘மந்தணம்’, அதாவது ரகசியம், என்று முத்திரை. யாருக்கும் பாதிப்பில்லை என்றுதான் ஊர்க் கூட்டத்தில் சொன்னார்கள். இதிலோ, கரைவலை இழுக்கும் இடமும் பாசி எடுக்கும் பெண்கள் கடலில் இறங்கும் வழியும் போய்விடும் என்று அவர்களே எழுதியிருக்கிறார்கள். கடைசி இரண்டு பக்கத்தில் கண்காணிப்புக் கோபுரம், ரோந்துப் படகு பற்றியெல்லாம் இருக்கிறது. இன்னும் தாள் இருக்கிறது, வேண்டுமா என்றும் அவர் கேட்கிறார். என் மைத்துனரோ, “அசாஞ்சேயையே அந்தப் பாடு படுத்தினார்கள், உன்னை விடுவார்களா?” என்கிறார். போடலாமா, கூடாதா?

பதில்: கடிதத்தின் அடியில் உங்கள் பெயர், ஊர், இதழின் பெயர் எல்லாவற்றையும் எழுதியிருந்தீர்கள். எடுத்துவிட்டேன். ராமநாதபுரம் கடற்கரையில் ஓர் ஊர் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன். ரகசியத் தாள் கையில் இருப்பதை ஊரும் பேருமாக ஒரு பத்திரிகைக்கு எழுதி அனுப்புவது நல்ல பழக்கம் இல்லை.

போடலாம். ஆனால் பதினான்கு பக்கத்தையும் அப்படியே போடக் கூடாது. ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் அந்த முத்திரை. நம் அரசு அலுவலகங்களில் ‘மந்தணம்’ என்பது அன்றாடப் புழக்கத்தில் இருக்கும் சொல். ஊழியர் மீதான புகார் விசாரணைக் கடிதத்தில்கூட அது இருக்கும். முத்திரையைப் பார்த்ததும் ஜெயில் நினைவுக்கு வர வேண்டியதில்லை. நீங்கள் பயப்பட வேண்டிய சட்டம் 1923-ஆம் ஆண்டின் அலுவல் ரகசியச் சட்டம். வெள்ளைக்காரன் போட்டது, இன்றும் உயிரோடு இருக்கிறது. இதை நீக்கிவிடலாம் என்று இரண்டாவது நிர்வாகச் சீர்திருத்த ஆணையம் 2006-லேயே பரிந்துரைத்தது. நடக்கவில்லை. இந்தச் சட்டத்தில் ‘ரகசியம்’ என்றால் என்ன என்று ஒரு வரையறைகூடக் கிடையாது. அதனால் தாளில் என்ன முத்திரை இருக்கிறது என்பதைவிட, உள்ளே என்ன இருக்கிறது என்பதைத்தான் பார்க்க வேண்டியிருக்கிறது.

இதற்கு முன்னுதாரணம் உண்டு. அரசு நிறுவனப் பங்கு விற்பனை தொடர்பான அமைச்சரவைக் குறிப்பை ஓர் ஆங்கில நாளிதழில் வெளியிட்ட செய்தியாளர் சாந்தனு சைகியா மீது இதே சட்டத்தில் வழக்குப் போட்டார்கள். ரகசியம் என்று ஒட்டிவிட்டதாலேயே செய்தியாளர் குற்றவாளி ஆகிவிட மாட்டார் என்று சொல்லி டெல்லி நீதிமன்றம் 2009-இல் அவரை விடுவித்தது. ஆனால் அதற்குப் பத்து வருடம் போல ஆகிவிட்டது. செய்தியாளர் இஃப்திகார் கிலானியின் கதை இன்னும் மோசம். 2002 ஜூனில் கைதானார். அவருடைய கணினியில் இருந்தது பாகிஸ்தானில் யார் வேண்டுமானாலும் படிக்கக்கூடிய ஒரு வெளியீடு. அதை அரசுத் தரப்பு ஒப்புக்கொண்டு வழக்கைத் திரும்பப் பெறுவதற்குள் திகார் சிறையில் ஏழு மாதம் கழிந்துவிட்டது. கடைசியில் ஜெயிப்போம் என்று நான் சொல்வேன். நடுவில் எத்தனை மாதம் என்று என்னால் சொல்ல முடியாது.

இப்போது அந்தக் கடைசி இரண்டு பக்கத்துக்கு வருவோம். உச்சிப்புளியில் ஐ.என்.எஸ். பருந்து கடற்படை விமானதளம், மண்டபத்தில் கடலோரக் காவல்படை நிலையம், எதிரே இலங்கை. இந்தக் கரையில் உட்கார்ந்துகொண்டு பாதுகாப்புத் தாளை விளையாட்டாக எடுத்துக்கொள்ள முடியாது. சட்டத்தின் 3-ஆவது பிரிவு உளவு பற்றியது. கடற்படை, ராணுவத் தளங்களெல்லாம் அதில் ‘தடை செய்யப்பட்ட இடங்கள்’. அவற்றின் வரைபடம், எதிரிக்கு உதவக்கூடிய குறிப்பு ஆகியவற்றில் சிக்கினால் 14 ஆண்டு வரை தண்டனை. ரோந்துப் படகு எத்தனை மணிக்கு எந்தப் பக்கம் போகும் என்பது உங்கள் வாசகருக்கு எந்த விதத்திலும் தேவையில்லை. அது தேவைப்படுவது கடத்தல்காரனுக்குத்தான். அந்த இரண்டு பக்கத்தைப் போடாதீர்கள், யாருக்கும் காட்டாதீர்கள், போனில் படம் எடுத்தும் வைக்காதீர்கள். அதை என்ன செய்வது என்பதை வக்கீலோடு உட்கார்ந்து முடிவு செய்யுங்கள். நீங்களாகக் கிழித்துப் போட்டால் அது தனிச் சிக்கல்.

மற்ற 12 பக்கத்துக்குப் பொருந்தக்கூடியது 5-ஆவது பிரிவு, மூன்று ஆண்டு வரை. இது அகல வலை. கொடுத்தவரோடு நிற்காது, சட்டத்தை மீறிக் கொடுக்கப்படுகிறது என்று தெரிந்தே வாங்கிக்கொண்டவரையும் பிடிக்கும். ஆகவே ஆபத்து அச்சடிக்கும் நாளில் தொடங்குவதில்லை, வாங்கிய அன்றே தொடங்கிவிட்டது. ஓர் ஆறுதல்: அரசின் அதிகாரம் பெற்ற புகார் இல்லாமல் இந்தச் சட்டத்தில் நீதிமன்றம் வழக்கை விசாரணைக்கு எடுக்க முடியாது. கூட்டக் குறிப்பு வெளியானதால் கோபப்பட்ட ஓர் அதிகாரி மட்டும் நினைத்தால் போதாது.

அச்சுக்குப் போகுமுன்பே தடுத்துவிடுவார்களோ என்ற பயம் வேண்டாம். அந்த வழியை நம் ஊர் இதழ் ஒன்றே அடைத்திருக்கிறது. ஆட்டோ சங்கரின் தன்வரலாற்றை நக்கீரன் வெளியிட இருந்தபோது அதிகாரிகள் தடுக்கப் பார்த்தார்கள். 1994-இல் உச்ச நீதிமன்றம், முன்கூட்டியே தடுக்க அரசுக்கோ அதிகாரிகளுக்கோ அதிகாரம் இல்லை, வெளிவந்த பிறகு வழக்குப் போட்டுக்கொள்ளலாம் என்றது. ரஃபேல் போர் விமான ஒப்பந்த ஆவணங்களை ‘தி இந்து’ வெளியிட்டபோது, அவை திருடப்பட்டவை என்றே அரசு வழக்கறிஞர் நீதிமன்றத்தில் சொன்னார். 2019 ஏப்ரல் 10-இல் வந்த தீர்ப்பு, ரகசிய முத்திரையிட்ட ஆவணம் வெளியாவதைத் தடுக்க அரசுக்கு அதிகாரம் தரும் சட்டப்பிரிவு எதுவும் காட்டப்படவில்லை என்றது. வியட்நாம் போர் பற்றிய ரகசியத் தாள்களான பென்டகன் ஆவணங்கள் குறித்த அமெரிக்க வழக்கில் 1971-இல் நியூயார்க் டைம்ஸுக்குக் கிடைத்த தீர்ப்பையும் துணைக்கு அழைத்தது. ஒன்றை மறக்க வேண்டாம். இவையெல்லாம் ‘தடுக்க முடியுமா’ என்ற கேள்விக்கான பதில்கள். ‘பிறகு வழக்குப் போட முடியுமா’ என்பது வேறு கேள்வி.

மைத்துனர் சொன்ன அசாஞ்சே விவகாரம் அந்த வேறு கேள்விதான். அமெரிக்க ரகசிய ஆவணங்களை விக்கிலீக்ஸ் இணையதளத்தில் வெளியிட்டவர் அவர். அவர் மீது அமெரிக்கா 18 குற்றச்சாட்டுகள் வைத்தது, 17 உளவுச் சட்டத்தின் கீழ். ஈக்வடார் தூதரகத்தில் ஏழு வருடம், லண்டன் சிறையில் ஐந்து வருடம். 2024 ஜூனில், பசிபிக் கடலில் அமெரிக்க ஆட்சியில் உள்ள சைபன் தீவின் நீதிமன்றத்தில் ஒரே ஒரு குற்றச்சாட்டை ஒப்புக்கொண்டு, சிறையில் இருந்த காலமே தண்டனையாக, வீட்டுக்குப் போனார். வெளியிட்டதற்காக ஒருவரை உளவாளி போல நடத்தியது தவறு என்பது என் கருத்து. ஆனால் குற்றப்பத்திரிகையில் நீங்கள் கவனிக்க வேண்டிய இடம் ஒன்று உண்டு. தகவல் கொடுத்த மேனிங்குக்குக் கடவுச்சொல்லை உடைக்க உதவ முயன்றார், இன்னும் எடுத்து வரத் தூண்டினார் என்பது அவர் மீதான முக்கியமான புகார். தானாக வந்து விழுந்த தாளும், ‘அடுத்த பக்கத்தையும் எடுத்து வா’ என்று கேட்டு வாங்கிய தாளும் சட்டத்தின் கண்ணில் ஒன்றல்ல. உங்களிடம் ‘இன்னும் வேண்டுமா’ என்று ஒருவர் கேட்டுக்கொண்டு நிற்கிறாரே, அதனால் சொல்கிறேன்.

உங்களைவிட அவர்தான் பெரிய ஆபத்தில் இருக்கிறார். சில வருடம் முன்பு ஒரு விவகாரம் என்னிடம் வந்தது. ஒரு செய்தியாளர் அலுவலகக் குறிப்பு ஒன்றை அப்படியே படமாகப் போட்டிருந்தார். பெயர், கையெழுத்து, கோப்பு எண் எல்லாவற்றையும் கறுப்பு பூசி மறைத்துவிட்டார். ஓரத்தில் பச்சை மையில் ஒரு சின்ன டிக் மட்டும் தப்பிவிட்டது. பச்சை மைப் பேனா உள்ள மேசைக்குப் போய்த் திரும்பிய பிரதி ஒன்றே ஒன்றுதான். அது எந்த உதவியாளர் கையில் இருந்தது என்று கண்டுபிடிக்க அவர்களுக்கு அரை நாள்கூட ஆகவில்லை. அமெரிக்காவிலும் இதே கதைதான். 2017-இல் ரியாலிட்டி வின்னர் என்ற பெண் ஒப்பந்த ஊழியர் அனுப்பிய அரசு ரகசிய ஆவணத்தின் பிரதியைச் செய்தி நிறுவனம் சரிபார்ப்பதற்காக அரசிடமே காட்டியது. தாளில் மடிப்புத் தடம் தெரிந்தது; அப்படியானால் அச்செடுத்த தாள். அச்செடுத்தவர்கள் ஆறு பேர்தான். அவருக்கு ஐந்து வருடம் மூன்று மாதம் தண்டனை.

ஆகவே ஜெராக்ஸைப் படமாகப் போடவே வேண்டாம். படித்து, உங்கள் நடையில் எழுதுங்கள். குறிப்பில் வரும் வாக்கியங்களை அப்படியே எடுத்தாள வேண்டாம். வரைபடம் வேண்டுமென்றால் பாசி எடுக்கும் அக்காமார்களிடம் கேட்டு நீங்களே வரையுங்கள். இறங்கும் வழி எது என்று அவர்களைவிட எந்தத் துறைக்குத் தெரியும்? ஊர் வாட்ஸ்அப் குழுவில் ஒரு பக்கம்கூடப் போகக் கூடாது. சம்பந்தப்பட்ட அலுவலகத்திடம் விளக்கம் கேளுங்கள், இரண்டு மூன்று நாள் அவகாசம் கொடுங்கள். தாளைக் காட்டாதீர்கள்.

கூடவே பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டித் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனுப் போடுங்கள். பொதுநலன் பெரிதென்றால் ரகசியச் சட்டத்தையும் தாண்டித் தகவல் தரலாம் என்று அதன் 8(2) பிரிவு சொல்கிறது. பதிலுக்கு 30 நாள். இங்கே பலர் வழுக்கி விழுவார்கள்: கையில் தாள் இருக்கிற தைரியத்தில் கூட்டம் நடந்த தேதி, கோப்பு எண் எல்லாம் துல்லியமாக எழுதிக் கேட்பார்கள். ‘இவனுக்கு எப்படித் தெரியும்?’ என்று அன்றைக்கே தேடத் தொடங்கிவிடுவார்கள். இத்திட்டம் குறித்து இந்த ஆண்டு நடந்த கூட்டங்களின் குறிப்புகள் என்று பொதுவாகக் கேளுங்கள்.

போலீஸ் வந்தால்? யார் கொடுத்தது என்று சொல்ல மறுக்கும் உரிமையை நம் சட்டம் செய்தியாளருக்குத் தெளிவாக எழுதித் தரவில்லை. 1983-லேயே சட்ட ஆணையம் தன் 93-ஆவது அறிக்கையில் அதைப் பேசியது, அவ்வளவுதான். கேள்விக்கு வக்கீலை வைத்துக்கொண்டு பதில் சொல்லுங்கள். போனைக் கேட்டால் எழுத்தில் உத்தரவு கேளுங்கள். எடுத்தால் பட்டியலில் கையெழுத்துப் போடுமுன் படித்துப் பாருங்கள். சோதனையை வீடியோ எடுக்க வேண்டும் என்று புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமே சொல்கிறது. நோட்டீஸ் வந்த பிறகு எதையும் அழிக்காதீர்கள். முன்ஜாமீன் மனுவை இதழ் வெளிவருவதற்கு முன்பே வக்கீலிடம் தயாராக வைத்திருப்பதில் தப்பில்லை.

அப்புறம் அந்த மீதித் தாள். வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். நேரில் பார்க்கும்போது, வாயால். வாட்ஸ்அப்பில் எழுதினால் உங்களுக்குச் சாட்சியாக இருக்கலாம். அவருக்கு அது வேலைக்கே உலை.