கொடுமுடி சுந்தராம்பாள்: வாசகர் கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

போன வாரம் எங்கள் அம்மாயியோடு உட்கார்ந்து ‘திருவிளையாடல்’ பார்த்தேன். ஔவையாராக வரும் கே.பி. சுந்தராம்பாளைக் கண்டதும் அம்மாயி கையெடுத்துக் கும்பிட்டார். “புருசன் போனதும் வெள்ளைச் சேலை கட்டிக்கிட்டு, எந்த ஆம்பளையோடயும் ஜோடியா நடிக்க மாட்டேன்னு இருந்துட்டா, மகராசி” என்றார். எனக்கு அதைக் கேட்டுக் கஷ்டமாக இருந்தது. அவ்வளவு பெரிய கலைஞர் ஒரு சபதத்தால் தன் கலையை வீணாக்கிவிட்டாரோ?

வாசகி, கரூர்

அன்புள்ள சகோதரி,

உங்கள் அம்மாயி சொன்னது உண்மை. ஆனால் கலை வீணாகவில்லை என்றே நான் உறுதியாக நினைக்கிறேன்.

அவருடைய கணவர், நாடக நடிகர் எஸ்.ஜி. கிட்டப்பா இறந்தது 1933 டிசம்பரில். அப்போது சுந்தராம்பாளுக்கு வயது 25. கொடுமுடியில் பிறந்து, ரயிலில் பாடிக் காசு கேட்ட ஏழைக் குழந்தை அவர். ‘நல்லதங்காள்’ நாடகத்தில் பசியால் அழும் பிள்ளையாக மேடை ஏறினார். அது நடிப்பு மட்டுமாக இருந்திருக்காது.

அந்தக் கால ஸ்பெஷல் நாடகத்தை நாம் நினைத்துப் பார்க்க வேண்டும். ராஜபார்ட் (நாயகன்), ஸ்திரீபார்ட் (நாயகி), பபூன் (கோமாளி), ஆர்மோனியக்காரர் என்று ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பேசி வரவழைப்பார்கள். ஒத்திகை கிடையாது. வள்ளி திருமணம் என்றால் வேலனும் வள்ளியும் பாட்டாலேயே தர்க்கம் செய்வார்கள். எதிராளி எந்த இடத்தில் எதைப் பாடுவார் என்று முன்கூட்டித் தெரியாது. மைக்கும் இல்லை. கொட்டகையின் கடைசி வரிசைவரை குரல் போய்ச் சேர வேண்டும், அதுவும் விடிய விடிய. செங்கோட்டை கிட்டப்பாவின் உச்ச ஸ்தாயிக்கு ஈடுகொடுத்து நின்றவர் சுந்தராம்பாள். இலங்கை மேடையில் தொடங்கிய அந்தப் பழக்கம் 1927இல் திருமணமானது. கிட்டப்பாவுக்கு முன்பே மணமாகியிருந்தது. இருவருக்கும் பிரிவும் மனத்தாங்கலும் வந்தன. அதையெல்லாம் விரித்துப் பேச எனக்கு விருப்பமில்லை. அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பலர் அங்கேயே நின்றுவிடுகிறார்கள்.

எனக்கு முக்கியமாகப் படுவது அப்புறம் நடந்ததுதான். 1935இல் ‘பக்த நந்தனார்’ படம். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். தயாரிப்பாளரைத் தட்டிக்கழிக்கவே அந்தத் தொகையைக் கேட்டார், அவரும் ஒப்புக்கொண்டுவிட்டார் என்று சொல்வார்கள். நந்தனாராக நடித்தவரே சுந்தராம்பாள்தான்! வேதியராக வந்தவர் சங்கீத வித்வான் மகாராஜபுரம் விஸ்வநாதய்யர். ஜோடி இல்லை, சபதமும் கெடவில்லை. ஆனால் படத்தின் நாயகன் அவர். பெண்களே எல்லா வேடமும் கட்டிய கும்பகோணம் பாலாமணி கம்பெனியைக் கண்ட நாடக உலகத்துக்கு இது புதிதல்ல. சினிமாவுக்குத்தான் புதிது.

பிறகு வந்த வேடங்களை வரிசையாகப் பாருங்கள். மணிமேகலை (1940), ஔவையார் (1953), ‘பூம்புகார்’ படத்தின் கவுந்தியடிகள் (1964). ஒருவர் பௌத்தப் பிக்குணி, ஒருவர் புலவர், ஒருவர் சமணத் துறவி. யாருடைய மனைவியாகவும் இல்லாமல், ஊர் ஊராக நடந்து, அரசனுக்கும் புத்தி சொல்லக்கூடிய பெண்கள். நம் இலக்கியத்தில் அப்படிப்பட்டவர்கள் எத்தனை பேர் உண்டோ, அவர்களில் பெரும்பாலோரை இவரே நடித்துவிட்டார். ஜெமினி ஸ்டூடியோ எஸ்.எஸ். வாசன் எடுத்த ‘ஔவையா’ரில் கிழவியாக வந்தபோது வயது 44தான். நீங்கள் பார்த்த ‘திருவிளையாட’லில் 56.

விடுதலைப் போராட்டத் தலைவர் சத்தியமூர்த்தியின் தூண்டுதலால் காங்கிரஸ் மேடைகளிலும் பாடினார். 1951இல் சென்னை சட்ட மேலவை உறுப்பினரானார். ‘துணைவன்’ படப் பாட்டுக்கு தேசிய விருது, 1970இல் பத்மஸ்ரீ. 1980இல் காலமானார்.

சபதம் துக்கத்தில் பிறந்தது, சரி. அதற்குள் நின்றுகொண்டே தனக்கு வேண்டிய அளவு இடத்தை அவர் எடுத்துக்கொண்டார். அதைத் தியாகம் என்று மட்டும் சொன்னால் அவருடைய துணிச்சல் மறைந்துபோகிறது.

அம்மாயி ‘ஔவையார்’ படத்தை எந்தக் கொட்டகையில் பார்த்தார், யாரோடு போனார் என்று கேட்டு எழுதுங்கள். அவருக்கு என் வணக்கம்.