அம்மம்மாவின் வளவு எங்கே? (கடிதமும் பதிலும்)

அன்புள்ள ஐயா,

யாழ்ப்பாணத்து மயிலிட்டியில் எங்கள் அம்மம்மாவின் வீடு இருந்தது. 1990 இல் போரால் வெளிக்கிட்டவர்கள் திரும்பிப் போகவேயில்லை. இராணுவம் காணியை விட்ட பிறகு மாமா போய்ப் பார்த்தார். வீடு இல்லை, வேலி இல்லை, ஒழுங்கை (சந்து) கூடத் தெரியவில்லை என்றார். காணி உறுதியும் (பத்திரமும்) தொலைந்துவிட்டது. அந்த ஒழுங்கையில் யார் யார் இருந்தார்கள் என்று எழுதி வைக்க ஆசை. எங்கிருந்து தொடங்குவது?

டொராண்டோவிலிருந்து ஒரு வாசகி

அன்புள்ள தங்கைக்கு,

மயிலிட்டிச் சனம் வெளிக்கிட்டது 1990 ஜூன் 15 இல். துறைமுகமும் அதையொட்டிய 54 ஏக்கரும் இராணுவத்தின் உயர் பாதுகாப்பு வலயத்திலிருந்து விடுபட்டது 2017 ஜூலை 3 இல். 16 பரப்பு ஓர் ஏக்கர் என்ற எங்கள் கணக்கில் அது 864 பரப்பு. அத்தனை பரப்பிலும் 27 வருடம் வேலி அடைக்க ஆளில்லை.

உறுதி தொலைந்தது என்று மனம் உடையவேண்டாம். நொத்தாரிசு (உறுதி எழுதி அத்தாட்சிப்படுத்துபவர்) முடித்த உறுதியில் ஒரு பிரதி அவரிடம் இருக்கும், இன்னொன்று காணிப் பதிவகத்துக்குப் போயிருக்கும். உங்கள் வீட்டில் தொலைந்தது மூன்றில் ஒன்றுதான். உறுதி இலக்கம், திகதி, நொத்தாரிசின் பெயர் தெரிந்தால் பிரதி எடுப்பது சுலபம். தெரியாவிட்டால் கிராமத்தையும் காணியின் பெயரையும் வைத்துத் தோம்பு (காணிப் பதிவேடு) பார்க்கவேண்டும். இங்கேதான் பலர் தவறுகிறார்கள். அப்பப்பா, அம்மப்பா பெயரில் தேடிவிட்டு ஒன்றும் இல்லை என்று திரும்பிவிடுகிறார்கள். யாழ்ப்பாணத்தில் வீட்டு வளவு பெரும்பாலும் சீதனமாகப் பெண்ணுக்குப் போனது. ஆகவே அம்மம்மாவின் பெயரில் தேடுங்கள், பிறகு அவவின் தாய் தகப்பன் பெயரில். இன்னொரு சிக்கல், ஒரே காணிப் பெயர் பல துண்டுகளுக்கு இருக்கும். பரப்பும் குழியும் (18 குழி ஒரு பரப்பு) நான்கு எல்லையும் பொருந்தினால்தான் அது உங்களுடையது. ‘பிரிபடாத பங்கு’ என்று எழுதியிருந்தால், பங்காளிகளின் உறுதிகளையும் பார்க்காமல் எந்த மூலை உங்களுடையது என்று சொல்லமுடியாது.

நீங்கள் கேட்ட ஒழுங்கை அந்த நான்கு எல்லையில்தான் இருக்கிறது. கிழக்கு இன்னாருடையது, வடக்கு ஒழுங்கை, மேற்கு இன்னாரின் பெண்சாதியுடையது என்று உறுதி அயலவரைப் பெயர் சொல்லிக் குறிக்கும். அந்த அயலவரின் உறுதியில் மறுபக்க எல்லையாக உங்கள் ஆட்களின் பெயர் வரவேண்டும். ஏழெட்டுக் குடும்பத்தின் உறுதிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒரு பெரிய தாளில் கட்டம் கட்டமாகக் கீறுங்கள், ஒழுங்கை தானாகத் தெரியத் தொடங்கும். பெயர்கள் மோதும் இடத்தில் உறுதியின் ஆண்டைப் பாருங்கள். ஒன்று 1940 இல் எழுதியது, மற்றது 1975 இல் எழுதியது என்றால், அயல் காணி இடையில் கைமாறியிருக்கும்.

நிலத்தில் முதலில் கிணற்றைத் தேடச் சொல்லுங்கள். அங்கே கிணறு சுண்ணாம்புக் கல்லை வெட்டித் தோண்டியது. கட்டு இடிந்து, மண் போட்டு மூடியிருந்தாலும் கல்லில் வெட்டிய வாய் இடம் மாறாது. பங்குக் கிணறு என்றால் இரண்டு மூன்று வளவுக்கு ஒரே அடையாளம். அடுத்தது மரம். கதியாலாக (வேலித் தடியாக) நட்ட பூவரசும் கிளுவையும் வெட்டுவாரில்லாமல் பெருமரமாகியிருக்கும். பற்றைக்குள் அவை ஒரே நேர்வரிசையில் நின்றால் அது பழைய வேலி. புதிதாகப் போட்ட தெருவை மட்டும் எல்லையாக நம்பவேண்டாம், பழைய ஒழுங்கை அதற்கு அடியில் இருக்கவேண்டும் என்றில்லை. எல்லைக் கல்லை நில அளவையாளர் இல்லாமல் நீங்களாக நடவேண்டாம், நாளைக்கு அயலவரோடு அதுவே வழக்காகும்.

மாமாவிடம் கண்டிப்பாகச் சொல்லுங்கள்: மூடிய கிணற்றைக் கிளறவேண்டாம், பற்றைக்குத் தீ வைக்கவேண்டாம். மிதிவெடி அகற்றினோம் என்று சொன்ன காணியிலும் வெடிக்காத குண்டு கிடக்கலாம். கண்டால் தொடாமல், வந்த தடத்திலேயே திரும்பி, கிராம உத்தியோகத்தரிடமோ பொலிசிடமோ சொல்லவேண்டும்.

இடம்பெயர்ந்த பள்ளிக்கூடங்கள் பல வேறிடங்களில் அதே பெயரில் நடந்தன. அவற்றின் சேர்விடாப்பு (பிள்ளைகளைச் சேர்த்த பதிவேடு) மிஞ்சியிருந்தால் பிள்ளையின் பெயரோடு தகப்பன் பெயரும் கிடைக்கும். கோவில் உபயகாரர் (திருவிழாச் செலவை ஏற்றவர்கள்) பட்டியல், தேவாலய ஞானஸ்நானப் பதிவு இரண்டையும் விடாதீர்கள்.

ஆனால் இதற்கெல்லாம் முன்னால், இந்தக் கிழமையே வயதானவர்களுக்கு அழைப்பெடுங்கள். 1990 இல் 40 வயதானவர்களுக்கு இப்போது எழுபத்தைந்தாவது இருக்கும். ‘யார் யார் இருந்தார்கள்’ என்று மொத்தமாகக் கேட்டால் நாலு பேரைச் சொல்லி நிறுத்திவிடுவார்கள். சந்தியிலிருந்து கடற்கரைக்கு நடக்கிற மாதிரிக் கேளுங்கள்: இடக்கைப் பக்கம் முதல் வீடு யாருடையது, படலை (வளவு வாசல்) எந்தப் பக்கம், அடுத்தது யார்?